விலாசங்கள் யாருடைய சொத்து?

கூட்டுறவுச் சங்கமொன்றின் ஆண்டறிக்கையைப் புரட்டினால் அதன் சொத்துக்கள் யாவை என்பது வரிசையாகக் காணப்படும். பங்கு மூலதனம், சேமநிதி, கிடங்கிலுள்ள நூல், விற்பனைக்குக் காத்திருக்கும் துணி, கட்டடம், பாங்கியிலுள்ள ரொக்கம் என ஒவ்வொன்றும் ரூபாய்க் கணக்கில் எழுதப்பட்டிருக்கும். ஆயினும் அவ்வறிக்கையில் எங்கும் எழுதப்படாத சொத்து ஒன்று உண்டு. சங்கம் அறிந்து பழகியுள்ள மனிதர்களே அச்சொத்து. எந்த ஊர்க் கடைக்காரர் எவ்வகைச் சேலையை விரும்புவார், எந்த மண்டிக்காரர் சொன்ன தேதியில் பணம் கொடுப்பார், எந்த விதைப் பண்ணையில் யாரை விசாரித்தால் சரியான தகவல் கிடைக்கும் என்னும் அறிவு இல்லாத சங்கம், நல்ல சரக்கை வைத்துக்கொண்டும் விற்க வகையறியாது திகைக்கும்.

இந்தச் சொத்து இன்று எங்கே வைக்கப்பட்டிருக்கிறது? பல சங்கங்களில் அது காரியதரிசியின் சட்டைப் பையிலுள்ள கைபேசியில் இருக்கிறது. எஞ்சியது விற்பனைக் குமாஸ்தாவின் நினைவில் இருக்கிறது. காரியதரிசி ஓய்வு பெற்றால், அல்லது கைபேசி பேருந்தில் தவறிப்போனால், பல ஆண்டுகள் பழகிச் சேர்த்த தொடர்புகள் ஒரே நாளில் சங்கத்தை விட்டு நீங்கிவிடுகின்றன. புதிதாக வருபவர் முதலிலிருந்து தொடங்க வேண்டியவராகிறார்.

முற்காலத்தில் நூலைக் கொடுத்துத் துணியை வாங்கிய வியாபாரியின் பலம் அவரிடமிருந்த பணம் மட்டுமே என்று நாம் எண்ணிவிடலாகாது. சேலையை உடுத்துபவர் யார் என்பது நெசவாளிக்குத் தெரியாது. நெய்தவர் யார் என்பது உடுத்துபவருக்குத் தெரியாது. இருவரையும் அறிந்தவர் வியாபாரி ஒருவரே. நெல்லும் வாழையும் விளைவிப்போர்க்கும் இதே நிலைமைதான். பணத்தின் பலத்தை உடைக்கக் கூட்டுறவு பங்கு மூலதனத்தைத் திரட்டிற்று. மனிதரை அறிந்திருக்கும் பலத்தையும் அனைவருக்கும் பொதுவாக்கினாலன்றி அவ்வேலை முற்றுப்பெறாது. எல்லாத் தொடர்பும் ஒருவர் கைபேசியில் முடங்கிக் கிடக்குமாயின், அவர் எத்துணை நல்லவராயினும், பழைய இடைத்தரகர் அமர்ந்திருந்த ஆசனம் சங்கத்திற்குள்ளேயே காலியாகாமல் இருக்கிறது என்பதுதான் பொருள்.

இதற்குத் துணைசெய்யக் கணினி உலகில் ஒரு சாதனம் உண்டு. தொடர்பு நிர்வாக மென்பொருள் என்று அதனைச் சொல்லலாம். தனி மனிதர் தம் கைபேசியில் வைத்துக்கொள்ளும் எளிய வகையும், நூற்றுக்கணக்கானோர் அமர்ந்து பேசும் அழைப்பு மையங்களில் இயங்கும் பெரிய வகையும் அதில் உள்ளன. அது எவ்வாறு வேலை செய்கிறது, நமக்கு எவ்வளவில் பயன்படும், எதில் எச்சரிக்கை வேண்டும் என்பதை நமது அங்கத்தினர்கள் அறிந்துகொள்வது நலம்.

அட்டையிலிருந்து கணினிக்கு

விலாசங்களைக் குறித்து வைக்கும் வழக்கம் புதியதன்று. ஆனால் புத்தகத்தில் எழுதும் விலாசத்திற்குச் சில குறைகள் உண்டு. ஒருவர் ஊர் மாறினால் அடித்து எழுத வேண்டும். அகர வரிசையின் நடுவே புதுப் பெயரை நுழைக்க இடமிராது. இக்குறைகளைப் போக்கும் பொருட்டு அமெரிக்காவில் ஆர்னால்டு நியூஸ்டாட்டர் என்பவரின் கம்பெனி ரோலோடெக்ஸ் என்னும் சுழல் அட்டைச் சாதனத்தை 1956-ஆம் ஆண்டில் உருவாக்கிற்று. ஒருவருக்கு ஓர் அட்டை வீதம் ஒரு சக்கரத்தில் கோத்து வைத்து, அதைச் சுழற்றி வேண்டிய அட்டையை எடுப்பர். வேண்டாததைக் கழற்றிவிட்டுப் புதியதை இடையிலே செருகலாம். பல பத்தாண்டுகள் அந்நாட்டு அலுவலக மேசைகளில் இது தவறாது இடம்பெற்றிருந்தது.

கணினி வந்த பிறகு அட்டையில் இருந்தவை கணினிக்கு மாறின. 1987-இல் டெக்ஸஸ் மாநிலத்து டல்லாஸ் நகரில் பாட் சல்லிவன், மைக் முஹ்னி என்னும் இருவர் ‘ஆக்ட்’ என்ற மென்பொருளை வெளியிட்டனர். இத்துறையின் முன்னோடிகளுள் ஒன்றாக அது எண்ணப்படுகிறது. அட்டையில் ஒருவருடைய பெயர், விலாசம், எண் ஆகியவை இருந்தன. இதிலோ, அவருடன் எந்நாளில் என்ன பேசப்பட்டது என்னும் குறிப்பும், அடுத்து எந்நாளில் என்ன செய்ய வேண்டும் என்னும் நினைவூட்டலும் பெயருடன் சேர்ந்தே இருந்தன.

இந்த மூன்று பகுதிகளும் எக்காலத்து மென்பொருளுக்கும் அடிப்படையாம். இவர் யார்? இவரிடம் பேசியது என்ன? இனிச் செய்ய வேண்டியது யாது? ஒரு கடைக்காரரின் பெயருக்கு நேரே எண் மட்டும் இருந்தால் அதனால் விளையும் பயன் சிறிது. “80-ஆம் நம்பர் நூலில் 25 சேலை கேட்டார், கரை அகலம் குறைவாக இருக்க வேண்டும் என்றார், திங்கட்கிழமை மாதிரி அனுப்ப வேண்டும், சென்ற முறை பணம் 45-ஆம் நாள் வந்தது” என்று நேரே எழுதப்பட்டிருந்தால், காரியதரிசி மாறினாலும் வியாபாரம் தடைப்படாது. திங்கட்கிழமை காலையில் கணினி தானே அதனை நினைவூட்டும்.

தனி மனிதருக்கு

நமது அங்கத்தினர்களில் கைபேசி வைத்திருப்பவர் ஒவ்வொருவரும் இத்தகைய சாதனம் ஒன்றைத் தம்மிடத்தில் ஏற்கெனவே வைத்திருக்கின்றனர். கைபேசியிலுள்ள பெயர்ப் பட்டியலே அது. அதனைச் செவ்வையாகப் பயன்படுத்தச் சில விவரங்கள் தெரிந்திருக்க வேண்டும்.

முதலாவது, பெயரைச் சேமிக்குமிடம். சிம் அட்டையில் சேமித்தால் பெயரும் எண்ணும் தவிர மிகுதியாக எழுத இடமில்லை. அட்டை தொலைந்தால் அவையும் தொலையும். கைபேசியில் பதிந்துள்ள மின்னஞ்சல் கணக்கில் சேமித்தால், புதுக் கைபேசியில் அதே கணக்கைத் திறந்தவுடன் எல்லாம் மீண்டும் வந்துவிடும். இரண்டாவது, பட்டியல் முழுவதையும் ஒரு கோப்பாக வெளியே எடுத்து வைக்கலாம் என்பது. 1995-இல் வகுக்கப்பட்ட ‘விகார்டு’ என்னும் பொது முறையில் அக்கோப்பு அமைவதால், எந்தக் கம்பெனியின் கைபேசியும் கணினியும் அதனைப் படிக்கும். மூன்று மாதத்திற்கொருமுறை இதனை எடுத்து வைப்பவர், கைபேசி கிணற்றில் விழுந்தாலும் விலாசங்களை இழக்கமாட்டார்.

மூன்றாவது, குறிப்பு எழுதும் கட்டம். அநேகமாக எல்லாக் கைபேசிகளிலும் ஒருவருடைய பெயருக்குக் கீழே குறிப்பு எழுத இடமுண்டு. அதை நிரப்புவோர் சிலரே. நேரடியாக விற்பனை செய்யும் நெசவாளிகள் வாட்ஸ்அப் பிசினஸ் என்னும் செயலியைப் பயன்படுத்துவதுண்டு. அது 2018-இல் வெளிவந்தது. அதில் வாடிக்கைக்காரர் ஒவ்வொருவர் மீதும் வண்ணச் சீட்டு ஒட்டுவதுபோல் அடையாளம் இடலாம். புதியவர், சரக்குக் கேட்டவர், பணம் பாக்கியுள்ளவர் என்று பிரித்து வைத்தால், தீபாவளிக்கு முந்தின நெருக்கடியிலும் யாருக்கு எதைச் செய்ய வேண்டும் என்பதில் குழப்பம் நேராது.

தமிழ்ப் பெயரும் அயல்நாட்டுக் கட்டமும்

இம்மென்பொருள்களில் பல மேனாட்டு வழக்கத்தை ஒட்டி அமைந்தவை. ஒருவருக்கு இட்ட பெயர் ஒன்று, குடும்பப் பெயர் ஒன்று என இரண்டு கட்டங்களை அவை காட்டுகின்றன. நமக்கோ குடும்பப் பெயர் இல்லை. தந்தை பெயரின் தலையெழுத்தே உண்டு. ஆகவே ஒரே முருகேசன், ஒருவர் பதியும்போது ‘சு. முருகேசன்’ என்றும், மற்றொருவர் பதியும்போது ‘முருகேசன் சு.’ என்றும், மூன்றாமவர் ஆங்கில எழுத்தில் பதியும்போது வேறொரு வடிவிலும் அமர்ந்து, மூன்று மனிதர்களாகிவிடுகிறார். ஒரே ஊரில் ஒரே பெயரும் ஒரே தலையெழுத்தும் உடைய இருவர் இருப்பின், இரண்டு மனிதர்கள் ஒருவராகிவிடுவதும் உண்டு. முன்னதால் ஒருவருக்கே மூன்று கடிதங்கள் செல்லும். பின்னதால் ஒருவர் பாக்கி மற்றவர் தலையில் ஏறும்.

கைபேசி எண்ணையே அடையாளமாகக் கொள்ளலாமென்று சிலர் நினைப்பர். ஒரு வீட்டில் நால்வருக்கு ஒரே கைபேசி இருப்பதும், ஒருவரே அடிக்கடி எண்ணை மாற்றுவதும் நம்மிடையே சாதாரணம். ஆதலின் கூட்டுறவுச் சங்கத்திற்குப் பொருத்தமான அடையாளம் அங்கத்தினர் எண்ணே. வெளியாராகிய வாடிக்கைக்காரர்க்கும் சங்கமே ஒரு தொடர் எண் கொடுத்துவிடலாம். பெயரைத் தமிழில் எழுதுவது, தலையெழுத்தை முன்னே இடுவது, எண்ணைக் கொண்டே ஆளை அறிவது என்னும் மூன்று விதிகளை முதல் நாளே தீர்மானித்து அனைவரும் பின்பற்றினால், பிற்பாடு நேரும் திருத்த வேலையில் பெரும்பகுதி குறையும்.

அழைப்பு மையம் இயங்கும் விதம்

அழைப்பு மையம் என்பது, ஒரே எண்ணுக்கு வரும் பல அழைப்புகளைப் பலர் பகிர்ந்து ஏற்று விடை கூறும் இடம். அழைப்பவர் வரிசையில் நிற்கிறார். கையொழிந்தவரிடம் கணினி அவரைச் சேர்ப்பிக்கிறது. வரும் அழைப்புகளை இவ்வாறு தானே பங்கிடும் பொறியை 1973-இல் அமெரிக்காவின் ராக்வெல் கம்பெனி ஒரு விமானக் கம்பெனியின் பயணச்சீட்டுப் பதிவுக்காக அமைத்துக் கொடுத்தது. தொடர்பு நிர்வாக மென்பொருள் இதனுடன் பின்னர் இணைந்தது. இக்காலத்தில், அழைப்பவரின் எண் வந்தவுடன் அவருடைய பதிவுப் பக்கம் விடை கூறுபவரின் திரையில் தோன்றுகிறது. முன்பு பேசியவர் வேறொருவராயினும், என்ன பேசினார் என்பது கண்ணெதிரே நிற்கிறது. பேச்சு முடிந்ததும் அதன் முடிவை ஒரு வரியில் எழுதி, தீர்ந்தது அல்லது தீரவில்லை என்று குறித்த பின்னரே அடுத்த அழைப்பை ஏற்கும்படி அமைப்பது வழக்கம்.

எத்தனை பேர் அமர வேண்டும் என்பதற்கும் கணக்கு உண்டு. கோபன்ஹேகன் டெலிபோன் கம்பெனியில் பணியாற்றிய அக்னர் கிராருப் எர்லாங் என்னும் டென்மார்க்கு நாட்டுக் கணித அறிஞர், 1909-லும் 1917-லும் வெளியிட்ட கட்டுரைகளில் இதற்கு அடிகோலினார். நமது சங்க அளவிலேயே ஓர் உதாரணம் பார்ப்போம். பண்டிகைக் காலத்தில் ஒரு மணி நேரத்தில் 20 அழைப்புகள் வருகின்றன. ஒவ்வொன்றும் சராசரியாக 3 நிமிடம் என்று கொள்வோம். மொத்தம் 60 நிமிட வேலை. ஒருவர் போதுமே என்று தோன்றும். ஆனால் அழைப்புகள் முறைவைத்து ஒன்றன்பின் ஒன்றாக வருவதில்லை. சில நேரம் மூன்று சேர்ந்து வரும். சில நேரம் ஒன்றும் வராது. சும்மா இருந்த நிமிடங்களைப் பிறகு ஈடுசெய்ய இயலாமையால், ஒருவர் மட்டும் இருந்தால் வரிசை மேலும் மேலும் நீளும். எர்லாங் கணக்கின்படி இருவர் இருந்தால், அழைப்போரில் மூவரில் ஒருவர் காத்திருக்க நேரும். மூவர் இருந்தால் பதினொருவரில் ஒருவரே காத்திருப்பார். விழா நாளுக்கு முந்தின இரு வாரங்களில் மட்டும் கூடுதலாக ஒருவரைத் தொலைபேசியருகே அமர்த்துவதால் எவ்வளவு வாடிக்கை தப்பிப் போகாமல் நிற்கும் என்பதை இதனால் ஊகிக்கலாம்.

உழவருக்கென ஓர் அழைப்பு மையம்

இதற்கு வெளியூர் உதாரணம் தேட வேண்டுவதில்லை. கிசான் கால் சென்டர் என்னும் உழவர் அழைப்பு மையத்தை மத்திய அரசின் வேளாண்மைத் துறை 2004-ஆம் ஆண்டு ஜனவரி 21-ஆம் தேதி தொடங்கிற்று. 1800-180-1551 என்னும் கட்டணமில்லா எண்ணில் காலை 6 மணி முதல் இரவு 10 மணி வரை, தமிழ் உட்பட 22 மொழிகளில் விடை கூறப்படுகிறது. விடை கூறுவோர் வேளாண்மை அல்லது அதைச் சார்ந்த துறைகளில் பட்டம் பெற்றவர்கள். அவர்களால் தீர்க்க இயலாத கேள்வி, மேல்நிலையிலுள்ள நிபுணர்க்கு மாற்றப்படுகிறது.

அழைக்கும் உழவரிடம் அவருடைய பெயர், மாவட்டம், வட்டாரம், பயிர் ஆகியவை கேட்கப்படுகின்றன. ‘என் பயிருக்கு வந்த நோய்க்கு மருந்து கேட்டால், இவர் என் ஊரைக் கேட்கிறாரே’ என்று சிலர் சலித்துக்கொள்வதுண்டு. அக்கேள்விக்குக் காரணம் இருக்கிறது. ஒரு தனி மனிதரின் கேள்வி ஒரு செய்தி மட்டுமே. ஒரே வட்டாரத்திலிருந்து ஒரே வாரத்தில் ஐம்பது பேர் நெல்லில் புகையான் என்று கேட்டிருப்பது பதிவேட்டில் தெரிந்தால், அது ஐம்பத்தொன்றாவது உழவருக்கு முன்னெச்சரிக்கையாகிறது. கேள்விகளின் விவரங்கள், பயிர் வாரியாகவும் மாவட்ட வாரியாகவும் மத்திய அரசின் பொதுத் தரவுத் தளத்தில் வெளியிடப்பட்டுள்ளன. யாரும் அவற்றைப் பார்க்கலாம். ஊரையும் பயிரையும் சரியாகச் சொல்லும் உழவர் தமக்கு மட்டுமன்றி அயலாருக்கும் உதவி செய்கிறார். சங்கத்தின் பதிவேட்டிற்கும் இது பொருந்தும். சாயம் போயிற்று என்று மூன்று ஊர்களிலிருந்து மூவர் சொன்னதை மூன்று குமாஸ்தாக்கள் தனித்தனியே கேட்டு மறந்தால், அது மூன்று மனக்குறைகளாகவே போய்விடும். ஒரே ஏட்டில் எழுதப்பட்டால், எந்தச் சாயத் தொட்டியில் பழுது என்பது தெரிந்துவிடும்.

பதிவேட்டின் நோய்கள்

எந்தச் சாதனத்திற்கும் நோய் உண்டு. இதற்கு மூன்று நோய்களைச் சொல்லலாம்.

முதல் நோய், எழுதாமை. மென்பொருள் வாங்கிய புதிதில் எல்லோரும் எழுதுவர். நாளடைவில் வேலை மிகுதியென்று விட்டுவிடுவர். பாதி எழுதிய ஏட்டை ஒருவரும் நம்பமாட்டார். நம்பாத ஏட்டில் ஒருவரும் எழுதமாட்டார். பேசி முடித்த கையோடு ஒரு வரி எழுதுவது என்னும் பழக்கம் ஒன்றே இதற்கு மருந்து.

இரண்டாம் நோய், எண்ணிக்கைக்காக எழுதுவது. பெரிய அழைப்பு மையங்களில் ஒவ்வொருவரும் ஓர் அழைப்பிற்கு எத்தனை நிமிடம் செலவிட்டார் என்று கணினி கணக்கிடுகிறது. நிமிடத்தைக் குறைக்குமாறு மேலாளர் நெருக்கினால், பணியாளர் பேச்சை விரைவில் முடித்துத் ‘தீர்ந்தது’ என்று குறித்துவிடுவார். அழைத்தவர் மறுநாள் அதே குறையுடன் மீண்டும் அழைப்பார். கணக்கில் இரண்டு வேலைகள் முடிந்ததாகத் தோன்றும். உண்மையில் ஒன்றும் முடிந்திராது. காலமெல்லாம் காதில் கருவியை மாட்டி அமர்ந்திருக்கும் அப்பணியாளரும் உழைப்பாளியே. நெசவாளியின் கூலியைத் துணியின் நீளத்தைக்கொண்டு மட்டும் அளந்தால் நெருக்கம் குறைந்த துணியே வரும் என்பதை அறிந்த நாம், இதனையும் எளிதில் உணரக்கூடும்.

மூன்றாம் நோய் கொடியது. நம்பிக்கொடுத்த விவரம் அயலார் கைக்குச் செல்வதே அது. பெயர், எண், கடன் பாக்கி, பயிர் விவரம் ஆகியவை அடங்கிய பட்டியல் கைமாறினால், பாங்கியிலிருந்து பேசுவதாகச் சொல்லி ஏமாற்றுவோர்க்கு அது பெரிய ஆயுதமாகிவிடும். உங்கள் பெயரும் சங்கத்தின் பெயரும் சொல்லி ஒருவர் பேசும்போது சந்தேகம் எழுவது அரிது. வேண்டாத விற்பனை அழைப்புகளைத் தடுக்க நம் நாட்டில் 2007-இல் ஒரு தேசியப் பதிவேடு ஏற்பட்டது. 1909 என்னும் எண் மூலம் யாரும் அத்தகைய விலக்கைக் கோரலாம். 2018-இல் வகுக்கப்பட்ட விதிகளின்படி, வியாபார நோக்கில் பெருந்தொகையாகக் குறுஞ்செய்தி அனுப்பும் நிறுவனங்கள் முன்கூட்டியே பதிவு செய்துகொள்ள வேண்டும். சங்கங்களும் இதனை நினைவிற் கொள்ள வேண்டும். 2023-இல் பாராளுமன்றம் இயற்றிய மின்வழித் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒருவருடைய விவரத்தை எதற்காகப் பெறுகிறோம் என்று தெரிவித்து ஒப்புதல் பெறுவதையும், அவர் கேட்டால் திருத்துவதையும் நீக்குவதையும் கடமையாக வகுத்துள்ளது. சட்டத்திற்கு அஞ்சி மட்டும் செய்யும் காரியமன்று இது. அங்கத்தினர் தம் விவரத்தைச் சங்கத்திடம் கொடுப்பது, பங்குத் தொகையைக் கொடுப்பதற்கு ஒப்பானது. இரண்டிற்கும் ஒரே நாணயம் வேண்டும்.

வாடகையா, சொந்தமா?

முன்பு மென்பொருளை ஒருமுறை விலைகொடுத்து வாங்கிக் கணினியில் பதித்துக்கொள்வர். 1999-இல் அமெரிக்காவில் தோன்றிய சேல்ஸ்ஃபோர்ஸ் என்னும் கம்பெனி, இணையத்தின் வழியே ஆளுக்கு இவ்வளவு என வாடகைக்கு விடும் முறையைப் பரவச் செய்தது. நம் நாட்டிலும் இத்தொழில் ஓங்கியுள்ளது. 1996-இல் தொடங்கப்பெற்ற ஸோஹோ கம்பெனி 2005-இல் இத்தகைய மென்பொருளை வெளியிட்டது. அதற்குச் சென்னையில் மட்டுமன்றித் தென்காசியை அடுத்த மத்தளம்பாறையிலும் அலுவலகம் உண்டு. 2010-இல் சென்னையில் ஃபிரெஷ்டெஸ்க் என்னும் பெயரில் தோன்றிய மற்றொரு கம்பெனி, பின்னர் ஃபிரெஷ்வொர்க்ஸ் என்று பெயர் மாறி, 2021-இல் அமெரிக்கப் பங்குச் சந்தையில் இடம்பெற்றது. வாடகையின்றி யாரும் எடுத்துப் பயன்படுத்தத்தக்க சூட்சிஆர்எம் போன்ற திறந்த மென்பொருள்களும் உள்ளன. அவற்றை நிறுவிப் பராமரிக்கத் தெரிந்த ஒருவர் வேண்டும்.

இவற்றில் இன்னதை வாங்குக என்று நாம் பரிந்துரைக்கவில்லை. எதை எடுத்தாலும் இரண்டு கேள்விகளை முன்கூட்டியே கேட்க வேண்டும். நாளை வாடகையை நிறுத்தினால் நமது பதிவுகள் அனைத்தையும் பிற மென்பொருள் படிக்கும் வடிவில் எடுத்துக்கொண்டு வெளியேற முடியுமா? அதன் திறவுகோலாகிய கடவுச்சொல் யார் யார் வசம் இருக்கும்? முதற் கேள்விக்கு முடியாது என்று பதில் வந்தால், அம்மென்பொருள் எவ்வளவு மலிவாயினும் வேண்டாம். இரண்டாம் கேள்விக்கு ஒருவரிடம் மட்டும் என்று பதில் வந்தால், பழைய சட்டைப் பைக்கே மீண்டும் வந்து சேர்ந்தோம் என்பது பொருள்.

சங்கம் செய்யத்தக்கது

மத்திய அமைச்சரவை 2022-ஆம் ஆண்டு ஜூன் 29-ஆம் தேதி, 63,000 தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கங்களைக் கணினிமயமாக்க 2,516 கோடி ரூபாய் மதிப்புள்ள திட்டத்திற்கு ஒப்புதல் அளித்தது. கடனும் வட்டியும் வரவும் செலவும் கணினியில் ஏறும் காலம் இது. கணக்கு ஏறுவதோடு தொடர்பும் ஏற வேண்டுமாயின் அதற்கெனத் தனி முயற்சி வேண்டும்.

அம்முயற்சிக்குப் பெரும் பொருட்செலவு தேவையில்லை. சிறிய சங்கம் கணினியிலுள்ள சாதாரண அட்டவணைத் தாளிலேயே தொடங்கலாம். எண், பெயர், ஊர், தொலைபேசி, கடைசியாகப் பேசிய தேதி, பேசிய விஷயம், அடுத்த வேலை, அதன் தேதி என எட்டுக் கட்டங்கள் போதும். கணினி இல்லாத சங்கம் கோடிட்ட நோட்டிலேயே இதனை எழுதி வரலாம். பழக்கம் ஏற்பட்டபின் கணினிக்கு மாற்றுவது எளிது. பழக்கமின்றி வாங்கிய மென்பொருளோ விரைவில் வெறுங்கூடாகிவிடும்.

முதல் மாதத்தில் காரியதரிசி, விற்பனைக் குமாஸ்தா, இயக்குநர்கள் ஆகியோரின் கைபேசிகளிலுள்ள சங்க சம்பந்தமான பெயர்களை மட்டும் ஒன்று சேர்க்கலாம். சொந்த உறவினரின் எண்களைச் சேர்க்க வேண்டுவதில்லை. இரண்டாம் மாதத்தில் ஒவ்வொருவரிடமும் பேசி, இவ்வெண்ணைச் சங்க ஏட்டில் வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டு, அவர் சொன்னதைத் தேதியுடன் குறிக்கலாம். கடவுச்சொல்லை இருவர் வைத்திருப்பதும், பதவி மாறும்போது சாவிக்கொத்துடன் அதனையும் ஒப்படைத்து மாற்றிவிடுவதும் தீர்மானமாக எழுதப்பட வேண்டும். நிர்வாகக் குழு கூடும்போதெல்லாம் வரவு செலவு படிப்பதுபோல், தீராத வேலைகளின் பட்டியலையும் படிக்க வேண்டும். யாருக்கு மாதிரி அனுப்புவதாகச் சொல்லி அனுப்பவில்லை, எந்த அங்கத்தினர் மூன்று மாதமாக நூல் வாங்க வரவில்லை என்பன அப்போது வெளிப்படும்.

கடைசியாகச் சொன்னது வியாபாரத்தினும் முக்கியமானது. நூல் வாங்க வராத நெசவாளி நோயுற்றிருக்கலாம். தறியை விற்றுவிட்டு வேறு வேலைக்குப் புறப்படும் நிலையில் இருக்கலாம். அவர் சென்றபின் அறிவதால் பயனில்லை. வாடிக்கைக்காரரைத் தேடுவதற்கென்று வைத்த ஏடு, நம்முள் ஒருவர் தளர்ந்து நிற்பதையும் உரிய காலத்தில் காட்டுமானால், அதற்காக எழுதிய ஒவ்வொரு வரியும் பயன் தந்ததாகும். அடுத்த பொதுக்குழுக் கூட்டத்தில் அங்கத்தினர்கள் எழுந்து, நமது சங்கத்தின் விலாசங்கள் யாரிடம் இருக்கின்றன என்று ஒரு கேள்வி கேட்பார்களாக. சங்கத்தினிடம் இருக்கின்றன என்னும் விடை கிடைக்கும்வரை அக்கேள்வியை அவர்கள் விடாதிருக்க வேண்டும்.